நிட்டேவோவின் நகங்கள்

ஜூலை மாதத்தில் அறுகம்பே பிரதான வீதியில் நடப்பதற்கே கொஞ்சம் சாமர்த்தியம் வேண்டும். சறுக்குப்பலகை கட்டிய ஓட்டோக்கள், தலை காயாத வெள்ளைக்காரப் பிள்ளைகள், கொத்துரொட்டித் தகட்டின் சத்தம். கடலுக்குப் போகாதவர்கள் விடியுமுன்பே ஜீப்பில் ஏறித் தெற்கே போய்விடுவார்கள். பாணமை, ஒகந்தை, அதற்கப்பால் குமணைக் காடு. சிறுத்தை, யானை, கரடி, வில்லுக்கு வரும் பறவைகள் என்று பார்ப்பதற்கு ஒரு பட்டியலே வைத்திருப்பார்கள். அந்தக் காட்டின் இன்னொரு பிராணியைப் பற்றி நூற்றுமுப்பது வருடத்துக்கு மேலாக எழுதிவருகிறார்கள். அதைக் காட்டுகிறேன் என்று இதுவரை எந்த ஜீப்காரரும் காசு கேட்டதில்லை.

அதன் பெயர் நிட்டேவோ. சிங்களத்தில் அது பன்மைப் பெயர். தனியாக ஒன்று திரிந்ததாகக் கதையே கிடையாது, எப்போதும் கூட்டம்தான்.

மூன்றடி, கூடினால் நாலடி உயரம். பெண் இன்னும் குள்ளம். வால் இல்லை, மனிதரைப் போல இரண்டு காலில் நடக்கும். கை கட்டை, உடம்பில் மயிர், விரல் நுனியில் நீண்டு வளைந்த நகம். குகையிலும் மரத்திலும் குடியிருக்கும். முயல், அணில், ஆமை, உடும்பு, அகப்பட்டால் முதலையும் அதன் சாப்பாடு. தூங்குகிறவனைக் கண்டால் நகத்தாலேயே வயிற்றைக் கிழித்துவிடும். தங்களுக்குள் பறவை கீச்சிடுவது போலப் பேசிக்கொள்ளும், வேடர்களில் சிலருக்கு மட்டும் அந்தப் பேச்சு கொஞ்சம் விளங்கும்.

முடிவு இதைவிடக் கொடூரம். லேனம என்ற காட்டுப்பகுதி வேடர்கள், எஞ்சியிருந்த கடைசிக் கூட்டத்தை ஒரு குகைக்குள் விரட்டி, வாசலில் சுள்ளியும் விறகும் குவித்துத் தீ வைத்தார்கள். மூன்று நாள் எரிந்தது. உள்ளே இருந்தவை புகையில் மூச்சடைத்துச் செத்தன. இது நடந்தது பதினெட்டாம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில் என்று பிறகு கணக்குப் போட்டார்கள். கண்டியில் அரசன் இருந்த காலம், கரையோரம் ஒல்லாந்தர் கையில் இருந்த காலம். புராணத்துக்கு அது மிகக் கிட்டிய தேதி. நமது மூத்தாப்பாவுக்கு மூத்தாப்பா அன்று ஏதோ ஒரு வட்டையில் நெல் வெட்டிக்கொண்டிருந்திருப்பார்.

இதை முதலில் அச்சில் ஏற்றியவர் ஹியூ நெவில். இலங்கை சிவில் சேவை அதிகாரி. ஓலைச்சுவடி சேர்ப்பதில் பைத்தியம் பிடித்தவர், அவர் சேர்த்த இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட சுவடிகள் இன்று பிரித்தானிய நூலகத்தில் இருக்கின்றன. 'தப்ரோபேனியன்' என்று சொந்தமாக ஒரு சஞ்சிகை நடத்தினார். 1886இல் அதில் நிட்டேவோவைப் பற்றி எழுதினார். அவர் ஒன்றையும் கண்ணால் காணவில்லை. அவருக்குச் சொன்னவர் ஒரு சிங்கள வேட்டைக்காரர், வேட்டைக்காரருக்குச் சொன்னவர் ஒரு வயது போன வேடர், வேடருக்கு அவருடைய முன்னோர். வேடர் பேச்சிலிருந்து சிங்களம், சிங்களத்திலிருந்து ஆங்கிலம். கல்முனைச் சந்தையடியில் காலையில் சைக்கிளில் இருந்து ஒருவர் விழுந்தால், அந்தச் செய்தி சாய்ந்தமருதுக்குப் போய்ச் சேருமுன் பஸ் குடைசாய்ந்துவிடும். இங்கே கைமாறியது நூறு வருடத்துக் கதை.

அதோடு, கதையை வைத்திருந்த லேனம வேடர்களும் ஒரு கூட்டமாக எஞ்சவில்லை. நெவிலுக்குக் கிடைத்தது ஒரே கிளையில் தொங்கிய பழம். நெவில் அந்த வேட்டைக்காரரைச் சந்திக்காமல் போயிருந்தால், அல்லது அந்த வேடர் ஒரு மாரிக்காலம் முன்னதாகக் காய்ச்சலில் போயிருந்தால், நிட்டேவோ என்ற சொல் அன்று அச்சேறியிருக்காது. பிறகு பிரடெரிக் லூயிஸ் என்பவர் பாணமைப்பற்றின் தெற்குப் பக்கம் சுற்றித்திரிந்தபோது கிட்டத்தட்ட இதே கதையைத் தனியாகக் கேட்டார். 1914இல் ரோயல் ஆசிய சங்கத்தின் இலங்கைக் கிளைச் சஞ்சிகையில் எழுதினார். இரண்டாவது சாட்சி கிடைத்ததும் வழக்குக்கு உயிர் வந்துவிட்டது.

இலங்கைக் காட்டில் பாதி மனிதப் பிராணியைப் பற்றிக் கேட்டு எழுதியதில் நெவில் முந்தியவர் அல்லர். 1344இல் பாவா ஆதம் மலைக்குப் போன இப்னு பதூதா, வழியில் கரிய, நீண்ட வாலுள்ள, தாடி வைத்த குரங்குகளைக் கண்டதாக எழுதியிருக்கிறார். அதுவரை சரி, இன்றைக்கும் மலைநாட்டில் தாடிக் குரங்கு உண்டு. அதற்கு அடுத்துத்தான் விஷயம். குரங்குகளுக்கு ஒரு தலைவன் உண்டாம், இலையால் தலைப்பாகை கட்டிக் கோல் ஊன்றி உட்கார்ந்திருக்குமாம். அதை அவர் தான் கண்டதாகச் சொல்லவில்லை, இன்னின்னார் சொன்னார்கள் என்று ஆள் குறிப்பிட்டு எழுதுகிறார். ஹதீஸ் படித்த காதியார் அல்லவா, கேட்டதையும் கண்டதையும் கலக்கவில்லை. நெவிலுக்குப் பின் வந்தவர்கள் பலருக்கு அந்த ஒழுங்கு இருக்கவில்லை.

பின் வந்தவர்கள் செய்ததுதான் இந்தக் கதையின் சுவையான பகுதி. நிட்டேவோவுக்கு எலும்பு கிடையாது. இன்று வரை ஒரு பல், ஒரு விரல் கிடைக்கவில்லை. ஆகவே ஒவ்வொரு காலத்திலும் அந்தந்தக் காலத்துப் பேச்சில் அடிபட்ட எலும்பை எடுத்து அதற்கு மாட்டிவிட்டார்கள்.

நெவில் காலத்தில் இன ஆராய்ச்சி மோகம். அவர் பெயரிலிருந்து தொடங்கினார். பழைய வடமொழி நூல்கள் காட்டுக்குடிகளைக் குறிக்கச் சொன்ன 'நிஷாதர்' என்பதன் திரிபாக இருக்கலாம் என்றார். சிங்களத்தில் 'நிய' என்றால் நகம், அதிலிருந்து வந்த பெயர் என்றார்கள் வேறு சிலர். ஒருவருக்கு அது சாதிப் பெயர், மற்றவருக்கு ஆயுதத்தின் பெயர்.

1945இல் கொழும்பு மருத்துவக் கல்லூரி உடற்கூற்றியல் பேராசிரியராக இருந்த ஒஸ்மன் ஹில், 'லோரிஸ்' சஞ்சிகையில் ஒரு கட்டுரை எழுதினார். குரங்கினங்களைப் பற்றி உலகமே மதித்த மேதை அவர். ஜாவாவில் 1891இல் இயூஜின் டுபுவா தோண்டியெடுத்த ஆதிமனிதன் அப்போது எல்லாப் பாடப் புத்தகத்திலும் இருந்தான். நிட்டேவோவும் அவன் சொந்தக்காரனாக இருக்கலாம் என்றார் ஹில். இதே ஹில்தான் பிறகு நேபாளத்துப் பங்போச்சே மடத்திலிருந்து கொண்டுபோன 'பனிமனிதன் எட்டியின் விரலை'யும் ஆராய்ந்தவர். பல வருடம் லண்டன் அருங்காட்சியகம் ஒன்றில் கிடந்த அந்த விரலை 2011இல் மரபணுச் சோதனைக்கு உட்படுத்தினார்கள். மனித விரல்.

1959இல் கிழக்கு ஆபிரிக்காவின் ஒல்டுவாய் பள்ளத்தாக்கில் மேரி லீக்கி ஒரு மண்டையோட்டைக் கண்டெடுத்தார். குள்ளமான ஒஸ்ட்ராலோபிதெகஸ் வகை முன்னோர் உலகப் பத்திரிகைகளில் முதற்பக்கச் செய்தியானார்கள். 1963இல் மகாலேனமப் பக்கம் பயணம் போன கப்டன் ரம்புக்வெல்ல, நிட்டேவோ ஒஸ்ட்ராலோபிதெகஸாக இருக்கலாம் என்று எழுதினார். குடும்பிகலக் குகையொன்றைக் கிண்டிப் பார்த்தபோது ஓர் உடும்பின் முள்ளெலும்பும் நட்சத்திர ஆமையின் ஓடும் அகப்பட்டன. கதையில் சொன்ன அதே சாப்பாடு! உண்மைதான். ஆனால் உடும்பும் ஆமையும் வேடரும் தின்றார்கள். சாப்பிட்ட தட்டைப் பார்த்துச் சாப்பிட்டவன் யாரென்று எப்படிச் சொல்வது?

2003 செப்டம்பரில் நிட்டேவோவுக்குப் பெரிய அதிர்ஷ்டம் அடித்தது. இந்தோனேசியாவின் புளோரஸ் தீவில் லியாங் புவா என்ற குகையில் இந்தோனேசிய, அவுஸ்திரேலியக் குழு ஒன்று தோண்டிக்கொண்டிருந்தது. ஆறு மீற்றர் ஆழத்தில் ஒரு பெண்ணின் எலும்புக்கூடு கிடைத்தது. உயரம் ஏறத்தாழ 106 சென்றிமீற்றர். நமது ஊரில் பாலர் பாடசாலை முடிக்கிற பிள்ளையின் உயரம். பல் தேய்ந்திருந்தது, ஆகவே பிள்ளை அல்ல, வளர்ந்த பெண். மூளை நம்முடையதில் மூன்றிலொரு பங்கு. ஹோமோ புளோரசியென்சிஸ் என்று பெயரிட்டு 2004 ஒக்டோபர் 28ஆம் திகதி 'நேச்சர்' இதழில் அறிவித்தார்கள். செல்லப்பெயர் ஹொபிட், டோல்கீன் 1937இல் எழுதிய நாவலில் வரும் குள்ளர்களின் பெயர். ஒருவர் கற்பனையில் உண்டாக்கிய பிராணி உண்மை எலும்புக்குப் பெயர் கொடுத்தது. அந்த உண்மை எலும்பு உடனே நமது காட்டுக் கதைக்கு உடம்பு கொடுத்தது.

உயரம் பொருந்தியது. அதைவிட முக்கியம், தேதி பொருந்துவது போலத் தெரிந்தது. அந்தப் பெண் வாழ்ந்தது 18,000 வருடத்துக்கு முன்பு என்றார்கள். மண்ணுலகக் கணக்கில் அது நேற்றுமாலை. நேற்றுமாலை வரை புளோரஸில் குள்ள மனிதர் இருந்தார்கள் என்றால், 1700களில் பாணமைக் காட்டில் ஏன் இருந்திருக்கக்கூடாது?

புளோரஸ் தீவிலும் ஒரு கதை இருந்தது என்று தெரியவந்தபோது ஆவல் இன்னும் ஏறியது. அங்குள்ள நாகே மக்களிடம் 'எபு கோகோ' பற்றி கிரெகரி ஃபோர்த் என்ற மானிடவியலாளர் கேட்டறிந்திருந்தார். குள்ளம், மயிர், எதையும் தின்னும் வாய், விளங்காத பேச்சு. கடைசியில் என்ன ஆனது தெரியுமா? ஊரார் அவர்களுக்குப் பனைநாரைக் கொடுத்துக் குகைக்குள் கொண்டுபோகவிட்டு, பின்னால் கொள்ளியை எறிந்தார்கள். இரண்டு தீவு, நடுவில் ஒரு சமுத்திரம், ஒரே தீ.

புளோரஸ் குள்ளர் எப்படிக் குள்ளமானார்கள் என்பதற்குச் சொல்லும் விளக்கத்தில் தற்செயலுக்குப் பெரிய பங்கு உண்டு. அந்தத் தீவு ஒருபோதும் பெருநிலத்தோடு ஒட்டியிருந்ததில்லை. ஆனாலும் பத்து இலட்சம் வருடத்துக்கு முந்திய கல்லாயுதம் அங்கே கிடைக்கிறது. படகு கட்டத் தெரியாத காலம். அலையிலோ வெள்ளத்திலோ அடிபட்டு, மிதக்கும் மரக்கூட்டத்தில் ஒட்டிக்கொண்டு சிலர் கரை சேர்ந்திருக்கலாம் என்பது ஓர் ஊகம். இது ஆகிற காரியமா என்று கேட்டவர்களுக்குப் பதில் இரண்டு மாதம் முடியுமுன் கடலிலிருந்தே வந்தது. 2004 டிசம்பர் 26. இலங்கையில் அதிக உயிரைப் பறிகொடுத்த மாவட்டம் அம்பாறைதான், பத்தாயிரத்துக்கு மேல். கல்முனையிலும் மருதமுனையிலும் சாய்ந்தமருதிலும் அந்தக் காலைநேரத்தை யாருக்கும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. அதே அலை ஆச்சேயில் ஒருவரைக் கடலுக்குள் இழுத்துப்போனது. மிதந்த மரக்கொப்புகளைப் பிடித்துக்கொண்டு எட்டு நாள் கிடந்தார், ஒரு கப்பல் தூக்கிக் காப்பாற்றியது. தொல்லியலாளர்கள் இதைக் குறித்துக்கொண்டார்கள்.

கரை சேர்ந்தவர்கள் பத்துப் பேரோ இருபது பேரோ. நமது பெண்கள் சீட்டுப் பிடிப்பதை நினைத்துப் பாருங்கள். பன்னிரண்டு பெயரைத் துண்டில் எழுதிக் கிண்ணத்தில் போட்டு வைத்திருக்கிறார்கள். காற்றடித்து ஒன்பது துண்டு பறந்துவிட்டது, மீதி மூன்று. இனி எத்தனை தரம் குலுக்கினாலும் அந்த மூன்று பெயர்தான் வரும். அவர்கள் மற்றவர்களைவிடக் கெட்டிக்காரர் என்பதற்காக இல்லை, காற்று அந்தப் பக்கம் அடித்ததனால். சின்னத் தீவில் வந்து சேர்ந்த சிலருடைய குணங்களும் இப்படித்தான் ஊர் முழுவதற்கும் குணமாகின்றன. அதற்கு மேல், தீனி குறைந்த இடத்தில் சின்ன உடம்புக்குச் செலவு குறைவு. பெரிய மிருகம் சிறுக்கும், சின்ன மிருகம் சிலவேளை பெருக்கும். புளோரஸில் யானைச் சாதியான ஸ்டெகோடன் குள்ளமாயிற்று, எலியோ பூனையளவு வளர்ந்தது. ஸ்டீபன் ஜே கூல்ட் 1989இல் எழுதிய நூலில் தற்செயலின் இந்தப் பங்கைத்தான் பெரிய அளவில் வாதித்தார்: உயிரின் வரலாற்றை ஒலிநாடா போலப் பின்னோக்கிச் சுற்றி மறுபடி ஓடவிட்டால், அதே பாட்டு இரண்டாம் தரம் வராது.

அப்படியானால் அறுகம்பேக்குத் தெற்கேயும் அந்த நாடா ஒரு தரம் ஓடியிருக்கலாமே?

அங்கேதான் நமது யானைகள் குறுக்கே நிற்கின்றன. பொத்துவிலிலிருந்து மொனராகலை வீதியில் கொஞ்ச நேரம் போனால் லாகுகலக் குளம். வெயில் காலத்தில் குளத்துப் புல்லுக்கு இறங்கும் யானைகளைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அவை குள்ளமில்லை. ஆசிய யானைகளில் மிகப் பெரிய கிளையினம் இலங்கை யானைதான். நம்முடையது தீவு என்று சொல்லிக்கொண்டாலும், கடல் மட்டம் இறங்கிய காலமெல்லாம் இந்தியாவோடு ஒட்டிக்கொண்டு, ஏறியதும் பிரிந்து கிடந்த நிலம். கடைசியாகப் பிரிந்து ஏறத்தாழ ஏழாயிரம் வருடம்தான். மிருகமும் மனிதரும் நடந்தே வந்து போனார்கள். குள்ளமாக்கும் தனிமை இங்கே கிடைக்கவில்லை. பாகியன்கல, பட்டதொம்பலென குகைகளில் கிடைத்த முப்பது, நாற்பதாயிரம் வருடத்துக்கு முந்திய எலும்புகளும் நம்மைப் போன்ற மனிதருடையவை. பலாங்கொடை மனிதர் என்று அழைக்கப்படும் அந்த மரபில் ஆண்களின் உயரம் 174 சென்றிமீற்றர் அளவில் இருந்தது. இன்றைய பஸ்ஸில் ஏறினாலும் அவர்களைக் குள்ளர் என்று யாரும் சொல்லமாட்டார்கள்.

இது போதாதென்று 2016இல் தேதியே கழன்றுவிட்டது. லியாங் புவாவில் மறுபடி தோண்டியவர்கள் ஒன்றைக் கவனித்தார்கள். எலும்பு இருந்த பழைய மண்ணின் ஒரு பக்கத்தை எப்போதோ தண்ணீர் அரித்துச் சரிவாக்கிவிட்டிருந்தது. பிற்காலத்து மண் அந்தச் சரிவில் வந்து நிறைந்து, பழைய மண்ணோடு ஒரே மட்டத்தில் நின்றது. முதலில் வந்தவர்கள் பக்கத்து மண்ணின் வயதை எலும்புக்குக் கொடுத்துவிட்டார்கள். சரியான கணக்கில் எலும்புகள் அறுபதாயிரம் முதல் ஒரு இலட்சம் வருடம் பழையவை. கல்லாயுதங்களில் கடைசியானதும் ஐம்பதாயிரம் வருடத்துக்கு இந்தப் பக்கம் வரவில்லை. நம்மைப் போன்ற மனிதர் அந்தப் பக்கம் வந்துசேரும் காலத்தோடு ஹொபிட் தடம் நின்றுவிட்டது. அதேவேளை மறுமுனை பின்னால் ஓடியது: அதே தீவில் மாத்தா மெங்கே என்ற இடத்தில் ஏழு இலட்சம் வருடத்துக்கு முந்திய, இன்னும் சிறிய குள்ளர்களின் தாடையும் பல்லும் வெளிவந்தன.

இப்படி, எங்கோ ஒரு குகையில் மண்ணின் சரிவு விளங்கியதும் பாணமைக் காட்டில் நிட்டேவோ மறுபடி எலும்பில்லாமல் போனது. 18,000 என்றிருந்தபோது கைக்கெட்டிய தூரத்தில் நின்றது. 50,000 ஆனதும் காட்டுக்குள் மறைந்துவிட்டது.

எஞ்சுவது கரடியும் மனிதனும்.

கரடிக் கட்சிக்கு நல்ல சாட்சிகள் உண்டு. குமணையிலும் யாலையிலும் ஜூன், ஜூலையில் பாலைப்பழம் பழுக்கும்போது கரடி மரத்தில் ஏறியிருக்கும். மனிதவாடை அடித்தால் பின்காலில் எழுந்து நின்று பார்க்கும். முன்காலில் வளைந்த நீண்ட நகம், கறையான் புற்றை உடைக்கவென்றே கொடுத்தது. மேல்வரிசையில் முன்பல் இரண்டு இல்லாத வாயை ஓட்டையில் வைத்து உறிஞ்சும், அந்தச் சத்தம் தூரத்துக்குக் கேட்கும். குட்டியை முதுகில் ஏற்றிக்கொண்டு போகும். மம்மல் நேரத்தில் பற்றை மறைவில் அதைப் பார்க்கிறவனுக்கு ஒரு உடம்பில் இரண்டு தலை தெரியும். கரடி அடித்தவர்களின் முகத்தைப் பார்த்தவர்கள் நகத்தின் பயத்தை மறக்கமாட்டார்கள். ஆனால் இந்தக் கட்சியில் ஒரு ஓட்டை: கரடியை வேடர்களைவிட நன்றாக அறிந்தவர்கள் யார்? கரடிக்குத் தனிப்பெயர் வைத்திருந்தவர்கள், அதற்கு இன்னொரு பெயரையும் ஒரு வரலாற்றையும் ஏன் உண்டாக்கினார்கள்?

மனிதக் கட்சியைச் சொல்ல வாய் கூசும். கதையை மறுபடி வாசித்துப் பாருங்கள். பேச்சு உண்டு. கூட்டமாக வாழ்கிறார்கள். நம் பாஷை விளங்காதவன் பேசுவது எப்போதும் கீச்சுக்கீச்சுதான். வேடர்களில் சிலருக்கு விளங்கியது என்றும் கதையே சொல்கிறது. கரடியின் பேச்சு யாருக்கும் விளங்காது. மூன்று நாள் எரித்ததைச் சொன்னவர்கள் எரித்தவர்களின் பிள்ளைகள். உள்ளே இருந்தவர்களின் தரப்பைச் சொல்ல ஒரு பிள்ளையும் மிஞ்சவில்லை. செத்தவர்களுக்கு நகத்தை நீட்டியும் மயிரைக் கூட்டியும் சொன்னால், சொல்கிறவனுக்கு இரவில் தூக்கம் வரும். எபு கோகோ கதையின் தீயிலும் இதே புகை நாறுகிறது. இதற்கும் எலும்பு இல்லை, ஆனால் ஜாவாவையும் ஆபிரிக்காவையும் தேடிப்போக வேண்டிய அவசியம் இந்த வாசிப்புக்குக் கிடையாது.

குமணைச் சரணாலயத்துக்குள் ஜீப்பை விட்டு இறங்கக்கூடாது என்பது சட்டம். ஆகவே கரடித் தடத்தை மேலே இருந்துதான் பார்க்கலாம். கரடி மனிதரைப் போல உள்ளங்காலை முழுதாக ஊன்றி நடப்பது. பின்காலின் தடம் ஒரு சின்னப்பிள்ளை வெறுங்காலோடு மணலில் நடந்தது போலவே இருக்கும். ஐந்து விரல், குதிகால். கொஞ்சம் குனிந்து பார்த்தால்தான் விரல்களுக்கு முன்னால், சற்றுத் தள்ளி, நகம் குத்திய சின்னப் பள்ளங்கள் தெரியும். வருடத்தில் சில நாள் மட்டும் இந்த மணலில் இறங்கி நடக்க விடுவார்கள். ஒகந்தை முருகன் கோயிலில் காட்டுப்பாதை திறந்ததும், ஆயிரக்கணக்கான அடியார்கள் கும்புக்கன் ஆற்றைக் கடந்து கதிர்காமத்துக்கு நடப்பார்கள். பாலைப்பழக் காலமும் அதுதான். இரவில் கரடி நடந்த மணலில் விடியற்காலை அவர்கள் கால்கள் பதியும். வெயில் ஏறும்போது எது எவருடைய தடம் என்று ஜீப்காரருக்கும் சொல்லத் தெரியாது.